முதுகில் அப்பா பெயர்

1

எங்கள் வீட்டில் சூட்கேஸை முழுதாகக் காலி செய்யும் வழக்கம் கிடையாது. துணிமணியை அலமாரியில் அடுக்கினாலும், அடியில் முழங்கால் உறை ஒரு ஜோடி, பிளாஸ்டர் சுருள், பழைய துண்டு, ஒரு பொட்டலம் சுக்கு எல்லாம் அப்படியே கிடக்கும். எப்போது வேண்டுமானாலும் கிளம்ப வேண்டி வரும் என்று இளவயதில் ஏற்பட்ட பழக்கம். என் மனைவி செல்வி அந்தப் பெட்டிக்குத் தலைப்பிள்ளை என்று பெயர் வைத்திருக்கிறாள். "உங்க தலைப்பிள்ளைய கொஞ்சம் நகத்துங்க, கூட்டணும்" என்பாள்.

ஊர்க்காரர்களுக்கு இன்னும் பிடிபடாத விஷயம் ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் வெளிநாட்டில் பிழைத்தது பாஸ்கெட்பால் ஆடி. திருத்துறைப்பூண்டிப் பக்கம் இதைச் சொன்னால், "அது சரிங்க, வேலை என்ன பாக்குறீங்க?" என்று அடுத்த கேள்வி வரும். அதுதான் வேலை. குவைத்தில் ஒரு கம்பெனி அணி, மாலத்தீவில் மூன்று சீசன், மலேசியாவில் ஒன்றரை, தாய்லாந்தில் ஒன்று, நடுநடுவே பஹ்ரைன். ஒன்றரை என்றால், பாதி சீசனில் அணியே கலைந்துவிட்டது. நான் நட்சத்திரம் எல்லாம் இல்லை. உயரமான ஆள் ஒருவன் அவசரமாக வேண்டும், பெரிய ஆளாகவும் இருக்கக் கூடாது என்றால் என்னைக் கூப்பிடுவார்கள். அறுப்புக்கு ஆள் பற்றாவிட்டால் பக்கத்து ஊருக்கு வண்டி அனுப்பிக் கூட்டி வருவார்களே, அந்த மாதிரி.

இப்போது பஹ்ரைனில், மனாமாவில் இருக்கிறோம். செல்வி திருக்காட்டுப்பள்ளிக்காரி, இங்கே ஆஸ்பத்திரியில் நர்ஸ். நான் ஒரு விளையாட்டு அரங்கில் மேற்பார்வை பார்க்கிறேன். விளக்கைப் போடுவது, வலையை மாற்றுவது, தரை வழுக்குகிறதா என்று பார்ப்பது. மகள் யாழினிக்குப் பதினைந்து வயது. இங்கேயே பிறந்தவள்.

போன ஞாயிற்றுக்கிழமை மாலத்தீவுத் தலைநகர் மாலேயிலிருந்து ஃபோன் வந்தது. நசீம் என்று அங்கே ஒரு கிளப்பின் மேலாளர், பழைய பழக்கம். "மாரிமுத்து, இந்த சீசனுக்கு வருகிறாயா? பாதி நேரம் நீ ஆடு, மீதி நேரம் இளம் ஆட்டக்காரர்களைப் பார்த்துக்கொள். வியாழக்கிழமை சாயங்காலத்துக்குள் பதில் சொல்" என்று ஆங்கிலத்தில் பொரிந்து தள்ளினார். எனக்கு நாற்பது தாண்டிவிட்டது. வலது முழங்கால் குளிர்சாதன அறையில் உட்கார்ந்தாலே மரத்துப் போகிறது. இருந்தும் அவர் பேசி முடிப்பதற்குள் நான் எழுந்து நின்றுவிட்டிருந்தேன். கால் தானாகவே கட்டிலுக்கு அடியிலிருந்து தலைப்பிள்ளையை இழுத்துக்கொண்டிருந்தது.

மாரிமுத்து என் பெயர் இல்லை. அது என் அப்பாவின் பெயர். என் பெயர் செழியன். அந்தக் கதைக்கு வருகிறேன்.

செல்வி டூட்டிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். பெட்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"யாரு கூப்பிட்டா?"

"மாலே."

"ம்."

தண்ணீர் பாட்டிலை மூடிக் கைப்பையில் வைத்தாள். செருப்பை மாட்டும்போது மட்டும், "யாழினிக்கு வியாழக்கிழமை மேட்ச் இருக்கு. அதை மறந்துட்டு வேற எதுக்கும் தலையாட்டிடாதீங்க" என்றாள்.

மறக்கவில்லை. ஆனால் அந்த மேட்சுக்குப் போக எனக்கு அனுமதி இருக்கிறதா என்பதே தெரியாமல் இருந்தது. யாழினியும் பாஸ்கெட்பால்தான் ஆடுகிறாள், பள்ளி அணியில். போன வருஷம் அவள் ஆடிய ஓர் ஆட்டத்தில் என்னால் உட்காரவே முடியவில்லை. எழுந்து கோட்டோரமாக நடந்துகொண்டே, "வலது பக்கம் வாம்மா, அவளை விடாத, கைய தூக்கு" என்று தமிழில் கத்தியிருக்கிறேன். நடுவர் ஆட்டத்தை நிறுத்திவிட்டு வந்து, "நீங்கள் யார்?" என்று கேட்டார். பதில் சொல்வதற்குள் யாழினி தலையைக் குனிந்துகொண்டாள். அன்றிலிருந்து அவள் மேட்சுக்கு நான் போவதில்லை.

அன்று மாலை அவளே பேச்சை எடுத்தாள், ஃபோனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"அப்பா, வியாழக்கிழமை வரணும்னா வாங்க. பட் உக்காரணும். ஃபுல்லா உக்காந்து பாக்கறதா இருந்தா மட்டும் வாங்க."

"உக்காந்துக்கறேம்மா."

"மாலே போறீங்களா? அம்மா சொன்னாங்க."

"இன்னும் முடிவு பண்ணல."

"எத்தனை மாசம்?"

"ஒரு சீசன். ஆறு மாசம் ஆவும்."

"ஓகே."

அந்த ஓகேயில் கொஞ்சம் கோபம் இருந்திருந்தால்கூட எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். நாளைக்கு மழை வருமாம் என்றால் சொல்கிற ஓகே அது. அவள் நடக்கப் பழகியபோது நான் மலேசியாவில் இருந்தேன். பள்ளிக்கூடம் போக ஆரம்பித்தபோது தாய்லாந்தில். நான் வருவதும் போவதும் அவளுக்குச் செய்தியே இல்லை. ஆறு மாதம் போய்விட்டு வந்தால் அவள் பள்ளி முடிக்க இன்னும் கொஞ்ச காலம்தான் பாக்கி இருக்கும். அதற்குப் பிறகு கிளம்புவது அவள் முறை. இந்தக் கணக்கு எனக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும் கால் நிற்கவில்லை.

2

நான் பாஸ்கெட்பாலுக்கு வந்தது முட்டைக்காக. ஒன்பதாம் வகுப்பிலேயே எனக்கு வகுப்பறை நிலைப்படி இடிக்கும். தஞ்சாவூரில் விளையாட்டு விடுதிக்கு உயரமான பையன்களை எடுக்கிறார்கள், தினமும் முட்டையும் பாலும் தருகிறார்கள் என்று பள்ளிக்கூடத்தில் சொன்னார்கள். அப்பா ஒரே கேள்வி கேட்டார்: "தெனமுமா?" தினமும்தான் என்றதும் மறுநாளே பஸ் ஏற்றிவிட்டார்.

அப்பா அப்போது பண்ணையில் கூலி ஆள். களத்துமேட்டிலிருந்து "டேய் மாரீ" என்று குரல் வந்தால் வாய்க்கால் தாண்டி, வயல் தாண்டி, "தோ வந்துட்டேங்க" என்று ஓட வேண்டும். மாரிமுத்து என்ற முழுப்பெயரைச் சொல்ல யாருக்கும் பொறுமை இருந்ததில்லை. அதனால்தான் எனக்குப் பெயர் வைக்கும்போது அவர் நிறைய யோசித்திருக்கிறார். "செழியன்னு வையி. இதுல எதை வெட்டிக் கூப்புடுவான், பாப்போம்" என்றாராம் அம்மாவிடம்.

தஞ்சாவூரில் நாங்கள் ஆடியது திறந்தவெளி சிமென்ட் மைதானம். ஆடி மாதம் வந்தால் காற்று பந்தைத் தூக்கிக்கொண்டு போகும். காற்றுக்கு இவ்வளவு ஒதுக்க வேண்டும் என்று கைக்கே கணக்குத் தெரிந்துவிடும். வளையத்துக்குச் சற்று இடது பக்கம் எறிந்தால் காற்று கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். பிற்பாடு குவைத்தில் முதல் தடவையாக நாலு பக்கமும் சுவர் வைத்த அரங்கில் ஆடியபோது, நான் எறிந்ததெல்லாம் இடது பக்கமே போனது. எங்கள் கோச் எகிப்துக்காரர். பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு என்னைக் கண் டாக்டரிடம் அனுப்பினார். கண் நன்றாக இருக்கிறது என்று எழுதிக்கொடுத்தார்கள். ஆடிக் காற்றை எகிப்துக்காரருக்கு எந்த மொழியில் விளக்குவது? கையிலிருந்து அந்தக் காற்றை இறக்க எனக்கு ஒரு சீசன் பிடித்தது.

குவைத்துக்கு அனுப்பியது ஷாகுல். விடுதித் தோழன், முத்துப்பேட்டைக்காரன். நாங்கள் எல்லாரும் வங்கியிலோ ரயில்வேயிலோ ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் வேலை கிடைக்கும் என்று நம்பி ஆடிக்கொண்டிருந்த செட். தொண்ணூறுகளின் நடுவில் தாராளமயம், தாராளமயம் என்று பேப்பரில் எழுதினார்கள். எங்களுக்கு அதில் தெரிந்தது ஒன்றுதான். எங்களுக்கு முந்தின செட்டோடு அந்தக் கதவு ஏறக்குறையச் சாத்திக்கொண்டது. ஷாகுல்தான் ஒருநாள் பரோட்டா தின்னும்போது சொன்னான்.

"டேய், குவைத்துல மாமாகிட்ட பேசிட்டேன். அவங்க கம்பெனியில டீம் இருக்காம். ஒசரமா ஒருத்தன் வேணுமாம். நீ போயி நின்னா போதும்."

விசாவில் ஸ்டோர்கீப்பர் என்று போட்டார்கள். பாஸ்போர்ட் விண்ணப்பம் நிரப்ப திருச்சியில் ஒரு டிராவல்ஸுக்குப் போனேன். மா. செழியன் என்று எழுதியதைப் பார்த்துவிட்டு அங்கிருந்தவர் சிரித்தார். "இனிஷியல்லாம் அங்க செல்லாது தம்பி. அப்பா பேர முழுசா எழுதுங்க. அதுதான் உங்க குடும்பப் பேரு" என்றார். எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று இருப்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

குவைத்தில் ஜெர்சியைக் கையில் கொடுத்தார்கள். விரித்துப் பார்த்தேன். நம்பர் பதினான்கு. அதற்கு மேலே, ஆங்கிலத்தில் கொட்டை எழுத்தில், மாரிமுத்து.

அப்பா பெயரை அதுவரை நான் வாய்விட்டுச் சொன்னதே கிடையாது. எங்கள் பக்கம் பிள்ளைகள் சொல்ல மாட்டார்கள். யாராவது கேட்டால் காகிதத்தில் எழுதிக் காட்டுவோம். அந்தப் பெயரை முதுகில் மாட்டிக்கொண்டு நான் ஓடினேன். எகிப்துக்காரர் கோட்டோரம் நின்று, "மாரிமுத்து, உனக்கு என்ன தூக்கமா?" என்று கத்தினார். எதிராளியை இடித்தால் நடுவர் மேசைப் பக்கம் திரும்பி மாரிமுத்து ஃபவுல் என்று அறிவிப்பார், நான் கையைத் தூக்குவேன். இடித்தது நான், பேர் கெட்டது அப்பாவுக்கு.

3

என் தொழிலைப் பற்றிக் கொஞ்சம்.

ஆட்டத்தில் பந்தைக் கூடையில் போடுகிறவன் ஒருத்தன் இருப்பான். கைதட்டல் அவனுக்கு. அவனைத் துரத்தி வருகிறவனின் வழியில் சுவர் மாதிரி ஒருத்தன் போய் நிற்க வேண்டும். இடிப்பான், முழங்கையால் குத்துவான், அசையக் கூடாது. அந்தச் சுவர் நான். எதிரணியில் நன்றாக ஆடுகிறவனைக் கொஞ்சம் சோர்வாக்க வேண்டும் என்றாலும் என்னைத்தான் இறக்குவார்கள். ஒரு ஆட்டக்காரன் ஐந்து ஃபவுல் செய்தால் வெளியே போக வேண்டும். நான் அந்த ஐந்தையும் செலவு செய்துவிட்டுத்தான் பெஞ்சுக்கு வருவேன். கோச்கள் என்னை விரும்பியதற்கு அதுவே காரணம்.

விசாவில் ஒன்று, செய்வது ஒன்று என்பதால் விமான நிலையத்தில் என்ன கேட்பார்களோ என்று இருக்கும். ஒரு தடவை குவைத்தில் இமிக்ரேஷன் அதிகாரி என்னை மேலும் கீழும் பார்த்தார். "இவ்வளவு உயரத்தில் ஸ்டோர்கீப்பரா?" என்று கேட்டார். "மேல் தட்டில் உள்ள சாமானை எடுக்க" என்றேன். சிரித்துவிட்டு முத்திரை குத்தினார். எல்லாரும் சிரிப்பார்கள் என்று சொல்ல முடியாது. இன்னொரு நாட்டில் அரைநாள் உட்கார வைத்துவிட்டார்கள்.

ஓர் ஊரில் மளிகைக்கடைக்காரருக்கு என் முகம் பழகுவதற்குள் சீசன் முடிந்துவிடும். அந்த ஊர்ப் பாஷையில் உப்பு, தண்ணீர், நன்றி மூன்றும் கற்றிருப்பேன். அடுத்த ஊருக்குப் போய் அங்கே முந்தின ஊர் நன்றியைச் சொல்வேன். தாய்லாந்தில் ஒரு கிழவியிடம் மலாயில் நன்றி சொல்லப்போய், அவர் என்னை மலாய்க்காரன் என்றே சீசன் முழுக்க நம்பிக்கொண்டிருந்தார். பெயரும் ஊருக்கு ஊர் மாறும். மாரி, முத்து, மிஸ்டர் எம். செழியன் என்று யாரும் கூப்பிட்டதில்லை. பாஸ்போர்ட்டைத் திறந்து பார்க்கிற அதிகாரிகள்கூட குடும்பப் பெயரைத்தான் படித்தார்கள்.

அப்படியானால் ஏன் போனாய் என்று செல்வி பல தடவை கேட்டிருக்கிறாள். வீட்டுக்குச் செலவுக்கு வேண்டியிருந்தது உண்மை. ஆனால் அவள் சம்பளம் நிலையாக வர ஆரம்பித்த பிறகும் போனேனே. ஃபோன் வந்தால் எனக்கு உயிர் வந்துவிடுகிறது. யாரோ, எங்கோ, நான் வேண்டும் என்கிறான். ஃபோன் வராத மாதங்களில் கட்டுத்தறி மாடு மாதிரி இந்த மூன்று அறைக்குள்ளேயே சுற்றுவேன். ஜன்னலைத் திறப்பேன், சூடு அடிக்கிறது என்று மூடுவேன். சாப்பிடும்போதுகூட நின்றுகொண்டே சாப்பிடுகிற பழக்கம் எனக்கு. முழங்கால் கெட்டுப்போனதால் சம்மணம் போட்டு உட்காரவும் முடியாது. ஊருக்குப் போனால் அப்பா தரையில் உட்கார்ந்து சாப்பிட, எனக்கு மட்டும் நாற்காலி போடுவார்கள். அந்த ஒரு மாதிரியான உயரத்தில் உட்கார்ந்து சோறு இறங்காது.

4

அந்த வீடியோ கேசட்டைப் பற்றிச் சொன்னால்தான் மற்றது விளங்கும்.

முதல் சீசன் முடிந்து ஊருக்குப் போனபோது, கம்பெனியில் எடுத்த ஓர் ஆட்டத்தின் கேசட்டைக் கொண்டுபோனேன். திருத்துறைப்பூண்டியில் டிவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து வந்தோம். ஞாயிற்றுக்கிழமை பகல். தெருவே எங்கள் வீட்டில் இருந்தது. அப்பா சுவரோரமாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்.

ஆட்டத்துக்கு முன்னால் ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அழைப்பார்கள். அந்த அறிவிப்பாளருக்கு வெண்கலக் குரல். இழுத்து, முழங்கி, "நம்பர் பதினான்கு... மா...ரி...முத்து!" என்றார்.

அப்பா எழுந்து நின்றுவிட்டார். தோளில் கிடந்த துண்டு எப்போது இடுப்புக்குப் போனது என்று நான் பார்க்கவில்லை. "தோ வந்துட்டேங்க" என்றார்.

வீடு அதிரச் சிரித்தார்கள். அவரும் சிரித்துக்கொண்டே உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் என்னை வெளியே எடுத்துவிட்டு மறுபடி இறக்கினார்கள். மறுபடி அந்தக் குரல். அப்பா பாதி எழுந்துவிட்டு, வேட்டியைச் சரிசெய்வது போலப் பாவனை செய்து உட்கார்ந்தார். மூன்றாவது முறைக்குப் பிறகு அவர் உட்காரவே இல்லை. வாசற்கதவைப் பிடித்துக்கொண்டு கடைசி வரை நின்றே பார்த்தார்.

அது பண்ணைப் பழக்கம் மட்டும் இல்லை. எங்களுக்கு என்று கிடைத்த துண்டு நிலத்துக்குப் பட்டா வாங்க அவர் ஜமாபந்திக்கு நடந்த நடை எனக்குத் தெரியும். வருஷத்துக்கு ஒரு தரம் தாலுகா ஆபீஸில் நிலக் கணக்குப் பார்க்கிற நாட்கள் அவை. டவாலி வாசலில் நின்று பெயரைக் கூப்பிடும்போது அங்கே நிற்காவிட்டால் மனு அடுத்த வருஷத்துக்குப் போய்விடும். டீ குடிக்கப் போகாமல், வெற்றிலை துப்பக்கூட நகராமல், காதைத் தீட்டிக்கொண்டு நாள் முழுக்க நிற்பார். மாரிமுத்து என்ற முழுப்பெயரை உரக்கச் சொன்னவன் அந்த டவாலி ஒருவன்தான்.

எல்லாரும் போன பிறகு டெக்கைச் சாக்கில் சுற்றிக்கொண்டிருந்தேன். அப்பா பக்கத்தில் வந்து நின்றார்.

"அது ஏண்டா எம் பேரு?"

பாஸ்போர்ட், இனிஷியல், குடும்பப் பெயர் எல்லாம் சொன்னேன். கேட்டுக்கொண்டார்.

"எம் பேரச் சொல்லிக் கூப்புட்டவன்லாம் ஏதாச்சும் வேலை வாங்கத்தான் கூப்புட்டான். ஒன்னயாச்சும் அதுலேர்ந்து எடுத்து வுட்டேன்னு நெனச்சேன். நீ எம் பேரத் தூக்கிட்டுப் போயி அங்கயும் வேலைக்கு வுட்டுட்டியேடா."

"பெருமையா கூப்புடுறாங்கப்பா. கைதட்டுறாங்க பாத்தீங்கள்ல."

"தட்டட்டும். ஒம் பேரு என்னாச்சு?"

"அது இருக்குப்பா, பாஸ்போர்ட்டுக்குள்ள."

"வெளியில யாரு கூப்புடுறா அத?"

நான் சாக்கின் வாயைக் கட்டினேன். அவர் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு மடைப்பக்கம் போய்விட்டார். அன்றைக்குத் தண்ணீர் எங்கள் முறை.

5

செவ்வாய்க்கிழமை அப்பாவுக்கு ஃபோன் போட்டேன். தம்பி மகள்தான் வீடியோவில் பிடித்துக் கொடுப்பாள். பாதி நேரம் உத்தரத்தைத்தான் பார்க்க முடியும். அப்பா நலமா என்று கேட்க மாட்டார். எப்போதும் ஒரே கேள்விதான்.

"எங்க நிக்கிற?"

"பஹ்ரைன்லதான்ப்பா. வீட்டுல."

"வீட்டுலயா?" நம்பிக்கை இல்லாத குரல். "குறுவைக்குத் தண்ணி வந்துருச்சு. ஒந்தம்பி நாத்தாங்கால்ல நிக்கிறான்."

மாலே விஷயத்தைச் சொன்னேன். இந்த வயதில், இந்தக் காலோடு கூப்பிடுகிறார்கள் என்று கொஞ்சம் மிதப்பாகவே சொல்லியிருப்பேன் போல. அவர் முகம் திரையில் வந்தது. பல் இல்லாத வாயை மென்றுகொண்டு பார்த்தார்.

"கூப்புட்டான்னா போயிடுவியா?"

"ஆறு மாசந்தான்ப்பா."

"புள்ள என்னா சொல்லுது?"

"ஓகேன்னா."

"அப்புடின்னா?"

"சரிங்குறா."

"சரின்னா சொல்லுது?" என்று இன்னொரு தரம் கேட்டார். பிறகு மெதுவாகச் சொன்னார். "கூப்புட்ட ஒடனே எந்திரிச்சு ஓடுறது என்னோட போவட்டும்னுதாண்டா ஒனக்கு அந்தப் பேரு வச்சேன்."

படம் சட்டென்று உத்தரத்துக்குப் போனது. தம்பி மகள், "தாத்தா போயிட்டாரு பெரியப்பா" என்றாள்.

எனக்குக் கோபம் வந்தது. வயிற்றுக்கு இல்லாமல்தானே தஞ்சாவூருக்கு அனுப்பினீர்கள், அப்போது எழுந்து ஓடு என்று பஸ் ஏற்றியது யார் என்று கேட்க வாய் துடித்தது. அரங்குக்குப் போய் நன்றாக இருந்த வலையைக் கழற்றிப் புது வலை மாட்டினேன். புதன்கிழமை வீட்டில் யாரும் இல்லாதபோது முழங்கால் உறையைப் போட்டுக்கொண்டு கூடத்தில் குதித்துப் பார்த்தேன். இரண்டாவது குதியில் முழங்கால் என்னை நாற்காலியில் கொண்டுபோய்ச் சேர்த்தது. அப்போதும் ஆறு மாதம் தாங்கும் என்றே மனசு கணக்குப் போட்டது.

பெட்டியில் சட்டைகள் ஏறிவிட்டன. செல்வி அதைப் பார்த்தாள். கீழே கிடந்த ஒரு சட்டையை மடித்து அவளே மேலே வைத்தாள். அதற்கு அவள் நாலு திட்டு திட்டியிருக்கலாம்.

6

வியாழக்கிழமை மத்தியானம் மேட்ச். பள்ளி அரங்கில் ஒரு பக்கம் படிப்படியாக இருக்கைகள். செல்வி ஆஸ்பத்திரியிலிருந்து யூனிஃபார்மோடு நேராக வந்துவிட்டாள். "உள்ள தள்ளி உக்காருங்க. ஓரத்துல உக்காந்தா எறங்கிடுவீங்க" என்று என்னைச் சுவர்ப் பக்கம் தள்ளி, தான் வழியை மறித்து உட்கார்ந்தாள். யாழினி அணியினரோடு வந்தபோது நிமிர்ந்து எங்களைத் தேடினாள். நான் உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் லேசாகத் தலையாட்டினாள்.

எல்லாப் பெண்களும் மேலே ஒரு ஜாக்கெட் போட்டிருந்தார்கள். யாழினியை முதலில் இறக்கவில்லை. செல்வி உயரம்தான் அவளும், ஆனால் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடும்போது அதைக் குனிந்து பார்க்க மாட்டாள். அது யாரும் சொல்லிக்கொடுத்து வருவதில்லை. நான் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். என் இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டேன்.

இரண்டாவது பகுதியில் கோச் அவள் தோளைத் தொட்டார். யாழினி ஜாக்கெட்டைக் கழற்றிப் பெஞ்சில் போட்டுவிட்டு மேசைப் பக்கம் ஓடினாள். முதுகு எங்கள் பக்கம்.

நம்பர் ஏழு. அதற்கு மேலே, செழியன்.

நான் படித்தேன். மறுபடி படித்தேன். அவள் ஓடும்போது துணி மடிந்து எழுத்து மறைந்தது, திரும்பியபோது மறுபடி தெரிந்தது. எத்தனை ஊர், எத்தனை ஜெர்சி. அந்தப் பெயரை நான் எந்த முதுகிலும் பார்த்ததில்லை. கண் கலங்கிவிட்டது, சொல்வதில் வெட்கம் ஒன்றும் இல்லை.

"இந்த வருஷந்தான் பேரு போட்டுருக்காங்க" என்றாள் செல்வி, ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டே. "என்ன பேரு போடட்டும்னு கேட்டாங்களாம். யாழ்னு போட்டுக்க, ஸ்டைலா இருக்கும்னு பிரெண்ட்ஸுங்கள்லாம் சொன்னாளுங்களாம். இவதான் வேணாம்னுட்டா."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"நீங்க எங்க இருந்தீங்க? பொட்டி கட்டிக்கிட்டு இருந்தீங்க."

யாழினி பந்தைப் பறித்தாள். பெஞ்சில் இருந்த பெண்கள் எழுந்து, "செலியன்! செலியன்!" என்று கத்தினார்கள். ஃபிலிப்பைன்ஸ், ஜோர்டான், எகிப்து என்று பல ஊர்ப் பிள்ளைகள், ஒரு வாயிலும் ழ வரவில்லை. வராவிட்டால் போகிறது.

இடைவேளையில் பையில் ஃபோன் அதிர்ந்தது. நசீம். எடுக்கவில்லை. மறுபடி அதிர்ந்தது. அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தேன். உள்ளே ஏதோ ஒன்று எழுந்திரு, எழுந்திரு என்றது. வெளியே போய்ப் பேசிவிட்டு வரலாம் என்றால் செல்வி வழியில் இருந்தாள். அவள் முழங்காலை நகர்த்தவில்லை, என்னைத் தடுக்கவும் இல்லை. நேராகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

இந்த சீசனுக்கு என்னால் வர முடியாது, அழைத்ததற்கு நன்றி என்று ஆங்கிலத்தில் எழுதினேன். கீழே என்ன பெயர் போடுவது என்று ஒரு கணம் தயங்கிவிட்டு, செழியன் என்று போட்டு அனுப்பினேன்.

உடனே பதில் வந்தது: "செழியன் யார்? மாரிமுத்துவிடம் ஃபோனைக் கொடுங்கள்."

செல்வியிடம் காட்டினேன். வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். யூனிஃபார்ம் கையால் கண்ணையும் துடைத்துக்கொண்டாள். பிறகு ஃபோனை என் கையிலிருந்து வாங்கித் தன் பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்தாள்.

கடைசிப் பகுதி. இரண்டு அணியும் சமம். யாழினி நாலு ஃபவுல் வாங்கிவிட்டாள் என்று கோச் அவளை வெளியே உட்கார வைத்திருந்தார். சீக்கிரம் இறக்குங்கள் ஐயா என்று எனக்குள் கொதித்தது. கத்தவில்லை. என் கை இரண்டும் தொடைக்கு அடியில் மரத்துப் போயிருந்தன. அப்போது கோச் பெஞ்சுப் பக்கம் திரும்பி, அரங்கம் முழுக்கக் கேட்கும்படி கூப்பிட்டார்.

"செழியன்!"

நான் எழுந்து நின்றுவிட்டேன். "தோ வந்துட்டேங்க" என்று வாய் சொல்லிவிட்டது.

செல்வி சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"உங்களை இல்லங்க. உக்காருங்க."

உட்கார்ந்தேன்.